திரும்பி வரவேண்டிய பொருள்

இசக்கி செய்த முதல் தப்பு இதுதான்: மாதக் கடைசியில் யோசனை தீர்ந்துபோய், தன்னிடம் இருந்த ஒரே நல்ல பொருளைக் கைசன் அட்டையில் எழுதிப் பெட்டியில் போட்டுவிட்டான்.

ஒரகடம் பக்கத்து ஜப்பான் கம்பெனிகளில் கார்டு தேய்த்தவர்களுக்குக் கைசனை விளக்க வேண்டாம். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். தினமும் கொஞ்சம் கொஞ்சமாக முன்னேறுவதற்குப் பெயர் கைசன். ஜப்பானில் அது எப்படியோ, இங்கே தலைக்கு மாதம் இரண்டு அட்டை. எழுதாதவன் பெயர் கேண்டீன் வாசலில் சிவப்புப் பலகையில் ஏறும். ஆயிரத்து இருநூறு பேர், மாதம் இரண்டாயிரத்து நானூறு முன்னேற்றம், அதுவும் ஒன்பது வருடமாக. அந்த வேகத்துக்குக் கம்பெனி இந்நேரம் சொர்க்கத்துக்கு இரண்டு தெரு இந்தப் பக்கம் வந்திருக்க வேண்டும். வடக்குப்பட்டு ரோட்டில்தான் இன்னும் இருக்கிறது. பெயரைச் சொல்லலாம் என்றால், பெயரைப் பயன்படுத்த ஒரு படிவம், அதற்கு மூன்று கையெழுத்து. விட்டுவிடுவோம்.

கார்க் கண்ணாடியில் மழையைத் துடைக்கிற வைப்பருக்கு மோட்டார் செய்கிற கம்பெனி அது. நாற்பத்தேழு வினாடிக்கு ஒரு மோட்டார். களக்காட்டிலிருந்து டிப்ளமோவோடு வந்த இசக்கி, மூன்று வருடமாக லைன் கடைசியில் நின்று மோட்டாரைச் சுற்றவிட்டுப் பார்ப்பவன். சித்திரை மாதம் குப்பைத்தொட்டியை இடப்பக்கத்திலிருந்து வலப்பக்கம் மாற்றினால் நான்கு அடி நடை மிச்சம் என்று எழுதிக் கைதட்டு வாங்கினான். ஆடியில் அதே தொட்டியை வலப்பக்கத்திலிருந்து இடப்பக்கம் மாற்றி இன்னொரு நான்கு அடி மிச்சம் பிடித்தான். ஐப்பசியில் யாரோ ஒரு புண்ணியவான் தொட்டியையே எடுத்துவிடலாம் என்று எழுதிவிட்டான். இசக்கியின் கைமுதல் போய்விட்டது.

மிச்சம் இருந்தது பாட்டு.

நாற்பது வருடத்துக்கு முன் ஜப்பான்காரன் கையில் பணம் புரண்ட காலம். அப்போது டோக்கியோவில் ஒரு தினுசுப் பாட்டு வந்தது. புதுக் கார், கடற்காற்று, கண்ணாடியில் வழுக்கும் விளக்குகள், கூடவே கொஞ்சம் பிரிவு. சிட்டி பாப் என்று பெயர். பணம் வடிந்ததும் பாட்டும் வடிந்துபோய்விட்டது. இப்போது உலகம் முழுக்கப் பொடியன்களும் பெண்களும் அதைத் தோண்டி எடுத்து, இரைச்சலை நீக்கி, தங்கள் கம்ப்யூட்டரில் ஒவ்வொரு வாத்தியமாகப் புதிதாக வாசித்து, மறுபடி கட்டி இணையத்தில் ஏற்றுகிறார்கள். இசக்கி அவர்களில் ஒருவன். டோக்கியோவையும் அவன் பார்த்ததில்லை, அந்த வருடங்களையும் பார்த்ததில்லை. சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து ஷேர் ஆட்டோவில் பதினோராவது ஆளாகத் தொங்கிக்கொண்டு வந்தபோது காதில் அந்தப் பாட்டு விழுந்தது. அன்றிலிருந்து இல்லாத காருக்குள் உட்கார்ந்திருப்பவன் மாதிரி ஆகிவிட்டான்.

ஒரே ஒரு ரெக்கார்டு போட்டுவிட்டுக் காணாமல் போன ஒரு பாடகியின் பாட்டை, ஏழு மாத ஞாயிற்றுக்கிழமைகளில், விடுதி அறையில் மற்ற ஐந்து பேரும் துணி துவைக்கப் போன நேரமாகப் பார்த்துக் கட்டினான். டிரம்ஸ் சத்தம் மட்டும் சரியாக அமையவில்லை. ஒருநாள் லைனில் நிற்கும்போது நாலாம் நம்பர் பரிசோதனை மெஷின் 'டுப்-சிக், டுப்-சிக்' என்றது. பிடித்துக்கொண்டான். நான்கு நிமிடம் பன்னிரண்டு வினாடி. இணையத்தில் ஏற்றியதும் ஜப்பானிலிருந்து மட்டும் ஆறாயிரம் பேர் கேட்டு, அது என்ன டிரம்ஸ் என்று விசாரித்திருந்தார்கள்.

இந்தப் பாட்டைத்தான், "டீ இடைவேளை முடியும்போது சூப்பர்வைசர் கத்துவதற்குப் பதில் இதைப் போடலாம்" என்று அட்டையில் எழுதினான். பென் டிரைவையும் கூட வைத்தான்.

சோதித்துப் பார்த்தார்கள். ஆட்கள் வழக்கத்தைவிடப் பதினோரு வினாடி முன்னதாக லைனுக்குத் திரும்பியிருந்தார்கள். அன்று டீயில் பால் திரிந்திருந்தது என்பது அட்டையில் எந்தக் கட்டத்திலும் வராத விஷயம்.

தர நிர்ணயத் துறைத் தலைவர் பகலவன் இசக்கியைக் கூப்பிட்டனுப்பினார். பகலவன் நல்ல மனிதர். வீட்டில் மனைவி சாம்பாரில் உப்பு அதிகம் போட்டாலும் ஆளைக் குறை சொல்ல மாட்டார், உப்பு டப்பாவின் வாய் அகலத்தைத்தான் குறை சொல்வார். அவர் பக்கத்தில் ஜப்பானிலிருந்து வந்த ஆலோசகர் ஒகாமுரா சான் உட்கார்ந்திருந்தார். முப்பத்து நான்கு வயது. பாட்டைப் போட்டதும் கண்ணை மூடிக்கொண்டார்.

"பாருங்க, பாருங்க," என்று பகலவன் குரலைத் தாழ்த்தினார். "தாயகம் ஞாபகம் வந்துருச்சு. ஒரு எக்ஸ்பாட்டோட கண்ணு தானா மூடுதுன்னா அதுதான் கஸ்டமர் டிலைட்."

ஒகாமுரா கண்ணைத் திறந்து, "இது எங்க அம்மா கேட்கிற பாட்டு. எனக்கு அவ்வளவாகப் பிடிக்காது. டிரம்ஸ் மட்டும் நன்றாக இருக்கிறது. எங்கே எடுத்தீர்கள்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

"அம்மா ஞாபகம் வந்தது என்றார்," என்று பகலவன் சொல்லச் சொல்ல, மனிதவளத் துறை மெர்சி குறிப்பேட்டில் எழுதிக்கொண்டாள்.

"நாலாம் நம்பர் மெஷின் சார்," என்றான் இசக்கி பெருமையாக.

பகலவன் நிமிர்ந்து உட்கார்ந்தார். "நம்ம மெஷினா?"

"ஆமா சார். அது சத்தத்த ரெக்கார்டு பண்ணி..."

"அப்போ சத்தம் யாருது?"

பதிலையும் பகலவனே சொன்னார். மெஷின் கம்பெனியுடையது, ஆகவே சத்தம் கம்பெனியுடையது, சத்தம் உள்ளே இருப்பதால் பாட்டும் கம்பெனியுடையது. மாலைக்குள் பாட்டுக்குப் பார்ட் நம்பர் விழுந்தது. இணையத்திலிருந்து அதை இறக்கச் சொன்னார்கள். இறக்கினான். கைசன் பொறுப்பாளர் என்ற இடத்தில் கையெழுத்தும் போட்டான்.

"ஏலே, ஒம் பாட்ட நீயே வித்துட்டியாடே?" என்று அறைத்தோழன் கோமதிநாயகம் கேட்டான்.

"விக்கல. எழுதிக் குடுத்துட்டேன்."

"எங்க ஊர்ல அதுக்கு வேற பேரு இருக்கு," என்றான் கோமதிநாயகம்.

அடுத்த வாரம் பாளையங்கோட்டையிலிருந்து போன் வந்தது. சண்முகசுந்தரம் என்பவர், நூல் மில்லில் இருபது வருடம் இருந்துவிட்டு இப்போது ஒலிப்பதிவுக் கூடம் நடத்துகிறவர். கோயில் கொடைப் பாட்டு, கல்யாணப் பாட்டு, ஜவுளிக்கடை விளம்பரம் என்று எது வந்தாலும் பதிவு செய்வார்.

"தம்பி, நீ இறக்குறதுக்கு முந்தின நாள் ஒம் பாட்ட கேட்டுட்டேன். மெஷின வச்சு டிரம்ஸ் அடிச்சவன் நம்மகிட்ட இருக்கணும்டே. வாரியா?"

"வாரேன் அண்ணாச்சி." மூச்சு விடுவதற்கு முன்பே சொல்லிவிட்டான்.

"அடுத்த மாசம் மொத திங்கக்கிழம வந்துரணும். இல்லன்னா கோவில்பட்டில ஒருத்தன் காத்துக் கெடக்கான். இன்னொண்ணு. போன ஆளு கீபோர்டத் தூக்கிட்டு ஓடிட்டான். அதனால வேல பாத்த எடத்துலருந்து ஒரு காயிதம் கொண்டா. அனுபவச் சான்றிதழ். ஓடி வந்த ஆளு இல்லன்னு எனக்குத் தெரியணும்."

இசக்கி ராஜினாமா கொடுத்தான். முப்பது நாள் நோட்டீஸ், சரியாக முதல் திங்களுக்கு இரண்டு நாள் முன்பு முடிகிறது. வேலையில் சேரும்போது வாங்கி வைத்துக்கொண்ட அவனுடைய டிப்ளமோ அசல், மெர்சியின் பீரோவில் இருந்தது. பதினான்கு கையெழுத்து வாங்கி வந்தால் டிப்ளமோவும் அனுபவச் சான்றிதழும் கையில்.

செருப்பு, சீருடை, லாக்கர் சாவி, கேண்டீன் டோக்கன், நூலகம் என்று பதின்மூன்று கையெழுத்து ஒரே நாளில் விழுந்தது. கம்பெனியில் நூலகம் கிடையாது. ஆனாலும் நூலகர் இருந்தார். பதினான்காவது: நிலுவையில் கைசன் ஏதும் இல்லை. பகலவன் போட வேண்டும்.

"ஓபனா இருக்கேப்பா," என்றார் பகலவன் வருத்தத்தோடு. "பாட்டு டீ நேரத்துல போகுது. ஆனா ஒரு அப்நார்மாலிட்டி. கேட்டவங்க லைன்ல நின்னுக்கிட்டு வெளிய பாக்குறாங்க. ஏன்னு கேட்டா சோகமா இருக்கு சார்ங்கிறாங்க. சோகத்தோட நான் எப்படி க்ளோஸ் பண்றது? ஏன்-ஏன் போட்டுருவோம்."

ஏன்-ஏன் என்பது இந்த வட்டாரத்தின் சிரார்த்தம். எது கெட்டாலும் ஐந்து தடவை ஏன் என்று கேட்க வேண்டும். ஐந்தாவது ஏனில் மூலக்காரணம் அகப்படும். நான்கில் அகப்பட்டாலும் ஐந்தாவதைக் கேட்க வேண்டும். பன்னிரண்டு அதிகாரிகள் கூடினார்கள். வெள்ளைப் பலகையில் பகலவன் எழுதினார்.

"ஏன் ஒன்று. அந்த அம்மா ஏன் அழுறாங்க?"

"காருக்குள்ள ஒருத்தருக்காகக் காத்திருக்காங்க சார். அவரு வரல," என்றான் இசக்கி. ரசிகர்கள் எழுதியதிலிருந்து பொருள் தெரிந்து வைத்திருந்தான்.

"ஏன் வரல?"

"மனசு மாறிட்டு சார்."

அறையில் ஒரு முனகல் எழுந்தது. பகலவன் பேனாவை மூடினார். "இசக்கி, மூணு வருஷம் இங்க இருந்தும் இப்படிப் பேசலாமா? ஆளைக் குறை சொல்லக் கூடாது. சிஸ்டத்தைத்தான் சொல்லணும். மனசு அளக்கக்கூடியதா? அதுக்கு யூனிட் இருக்கா? அன்னிக்கு ரோட்டுல என்ன நிலவரம்?"

"மழை சார்."

"அப்படிச் சொல்லு. அவர் கிளம்பி வர்றாரு. நெடுஞ்சாலையில இறங்க வேண்டிய இடத்தை விட்டுட்டாரு. ஏன் விட்டாரு?"

"போர்டு தெரியல," என்றார் கொள்முதல் துறைக்காரர்.

"ஏன் தெரியல?"

"கண்ணாடில மழைத் தண்ணி," என்றார் பராமரிப்புத் துறைக்காரர்.

"ஏன் தண்ணி நின்னுச்சு?"

பன்னிரண்டு பேர் முகமும் ஒரே நேரத்தில் வெளுத்தது. கடைசியில் பகலவனே ஐந்தாவது ஏனுக்கு எதிரே எழுதினார்: வைப்பர் மோட்டார் வேலை செய்யவில்லை.

"சார்... நம்ம மோட்டாரா?" என்று யாரோ கேட்டார்கள்.

அரைமணி நேரம் பழைய பதிவுகளைப் புரட்டினார்கள். பாட்டு வந்த வருடத்தில் இந்தத் தொழிற்சாலை நிற்கிற இடம் வேர்க்கடலைக் காடு என்று நிரூபணமானது. கைதட்டினார்கள். ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நாற்பது வருடத்துக்கு முந்தைய அந்தக் காதல் முறிவுக்குப் போட்டிக் கம்பெனிதான் பொறுப்பு என்று தீர்மானம் போட்டார்கள்.

திருத்த நடவடிக்கை: பாட்டின் நடுவே "வைப்பர் நன்றாக இயங்குகிறது" என்று ஜப்பானிய மொழியில் ஒரு வரி சேர்ப்பது. ஒகாமுரா சானைக் கெஞ்சிப் பாடவைத்தார்கள். மோட்டார் சோதனை அறிக்கை வாசிக்கிற குரலில் அவர் பாடினார். அவர் மேல் தப்பில்லை. அவர் எது வாசித்தாலும் அந்தக் குரல்தான்.

"இப்ப க்ளோஸ் பண்ணலாமா சார்?" என்றான் இசக்கி. பன்னிரண்டு நாள் போயிருந்தது.

"அளவு சரியில்லையேப்பா. நம்ம லைன்ல எல்லாமே நாப்பத்தேழு வினாடி. இது மட்டும் நாலு நிமிஷம் பன்னெண்டு. வேஸ்ட் எவ்வளவு பாரு!"

வேஸ்ட்டை நீக்கினார்கள். முன்னிசை காத்திருப்பு வேஸ்ட். மூன்று தடவை வரும் பல்லவியில் இரண்டு அதிகப்படி உற்பத்தி. பாடகி நடுவில் இழுக்கிற பெருமூச்சு தேவையற்ற அசைவு. மிச்சத்தை வேகமாக ஓடவிட்டு நாற்பத்தேழு வினாடியில் அடைத்தார்கள். பிரிந்துபோன காதலனை நினைத்து ஒரு பெண் பஸ்ஸைத் துரத்திக்கொண்டு ஓடுகிற மாதிரி இருந்தது. அதற்கு ரிவிஷன் ஆறு என்று பெயர்.

மூன்று ஷிப்டுக்கும் நகல் எடுத்தபோது ஏ ஷிப்ட் பாட்டும் பி ஷிப்ட் பாட்டும் அரை வினாடி வேறுபட்டன. எது சரி? தொழிற்சாலையில் இப்படி வழக்கு வந்தால் மாஸ்டர் சாம்பிளோடு ஒப்பிட வேண்டும். ஜவுளிக்கடையில் எடுத்து வைக்கிற துண்டுத்துணி மாதிரி, நல்ல பொருள் ஒன்றைப் பூட்டி வைத்திருப்பார்கள். அதுதான் மாஸ்டர்.

"பாட்டுக்கு மாஸ்டர் எங்க?" என்று பகலவன் கேட்டார். இசக்கி அப்போது இரண்டாவது தப்பைச் செய்தான். முதலாவது யோசனை இல்லாமல் செய்தது. இது கர்வத்தில் செய்தது.

"எது சரின்னு எங் காதுக்குத் தெரியும் சார்."

மறுநாள் அவன் பெயர் அளவுக்கருவிப் பதிவேட்டில் ஏறியது. வரிசை எண் முந்நூற்றுப் பன்னிரண்டு. பொருள்: பாட்டு மாஸ்டர், இசக்கி. உயரம் நூற்று அறுபத்தெட்டு சென்டிமீட்டர். நிறம் மாநிறம். துல்லியம் அரை வினாடி. இருப்பிடம் கேஜ் ரூம் என்கிற அளவுக்கருவி அறை, நாலாம் அலமாரிக்கு எதிர் நாற்காலி. அடுத்த கேலிபரேஷன், அதாவது சரியாக இருக்கிறதா என்ற சோதனை, ஆறு மாதம் கழித்து. கழுத்தில் மஞ்சள் அட்டை தொங்கியது.

கேஜ் ரூமில் எப்போதும் இருபத்து மூன்று டிகிரி குளிர். கருவிகள் கூடக்குறைய விரியாமல் இருக்க. இசக்கியும் விரியாமல் உட்கார்ந்திருந்தான். தினமும் வந்து மூன்று ஷிப்டின் பாட்டையும் போட்டுக் காட்டுவார்கள். அவன் தலையாட்டினால் பச்சை. கழிவறைக்குப் போக நகர்வுப் பதிவேடு. தூசி படியக் கூடாது என்று தினமும் காலையில் ஒரு அம்மாள் வந்து மற்ற கருவிகளோடு அவனையும் மஞ்சள் துணியால் துடைத்துவிட்டுப் போனாள். ஷிப்ட் முடிந்து விடுதிக்குப் போகும்போது கேட்டில் சீட்டு நீட்டுவார்கள்: திரும்பி வரவேண்டிய பொருள். திரும்ப வேண்டிய நேரம் காலை ஆறு.

"ஒனக்கென்னடே, ஏசி," என்றான் கோமதிநாயகம் பொறாமையோடு. "வேர்வ கெடயாது, டார்கெட் கெடயாது. எவனுக்குக் கெடைக்கும்?"

இசக்கிக்கு வேர்க்கத்தான் ஆசையாக இருந்தது.

நோட்டீஸ் முடிய ஐந்து நாள் இருக்கையில் பகலவனிடம் போய் நின்றான். "சார், எனக்குத் திங்கக்கிழம பாளையங்கோட்டைல சேரணும். ராஜினாமா குடுத்துருக்கேன்."

பகலவன் பதிவேட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ராஜினாமா ஊழியர் இசக்கி குடுத்தது. அதை மெர்சி ஏத்துக்கிட்டாங்க. நல்லாப் போயிட்டு வாங்க. ஆனா மாஸ்டர் சாம்பிள் இசக்கி என் அசெட். சாம்பிள் ராஜினாமா பண்ண முடியாது. நாளைக்கு வெர்னியர் அளவுகோல் வந்து எனக்கு வேற வேலை கிடைச்சிருச்சு சார்னு சொன்னா நான் விட்டுருவேனா?" பிறகு குரல் தழைந்தது. "நான் இங்க பதினோரு வருஷம். ஒருத்தரும் என்னை எந்த ரெஜிஸ்டர்லயும் ஏத்தல. உங்களுக்கு வாய்ச்சிருக்கு. மதிப்பு தெரியலையே."

இசக்கி மெர்சியின் மேஜைக்கு வந்தான். பிள்ளைப்பாக்கத்துப் பெண். சொந்த ஊரில் நிலம் கைமாறியதையெல்லாம் கண் முன்னால் பார்த்து வளர்ந்தவள். பத்திரத்தில் எங்கே ஓட்டை இருக்கும் என்று அவளுக்கு வாசனையிலேயே தெரியும்.

"இன்னா இசக்கி, மூஞ்சி தொங்கிக்கினு கீது?"

சொன்னான்.

"சாம்பிள் வெளிய போணும்னா ஒரே வழிதான். கேலிபரேஷன்ல ஃபெயில் ஆவணும். ஃபெயில் ஆனா ரெட் டேக். அப்புறம் ஸ்கிராப்."

"அதுக்கு ஆறு மாசம் இருக்கே மேடம்."

மெர்சி கம்ப்யூட்டரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "கருவி கீழ வுழுந்துட்சுன்னா உடனே கேலிபரேஷன் பண்ணணும். ரூல். பொஸ்தகத்துல எட்டாம் பக்கம் பாரு."

இசக்கி பார்த்தான். எட்டாம் பக்கத்தில் இருந்தது. எழுந்து நின்று, இரண்டு மேஜைக்கு நடுவே விழுந்தான்.

"அய்ய, இப்டி வுழுந்தா சேராது. சாட்சி வோணும். அவர் முன்னால வுழு."

பகலவன் கேஜ் ரூமுக்கு வந்தபோது நாற்காலியோடு சாய்ந்தான். பகலவன் பாய்ந்து வந்து, "அடி பட்டுச்சா?" என்று கேட்காமல், "எவ்வளவு உயரத்துலேர்ந்து?" என்று கேட்டார்.

"நாற்காலி உயரம் சார்."

"நாப்பத்தஞ்சு சென்டிமீட்டர்," என்று எழுதிக்கொண்டார். வெள்ளிக்கிழமை சோதனை.

ஐந்து பதிவுகளைப் போடுவார்கள். எது சரியான பாட்டு என்று இசக்கி கை நீட்டிக் காட்டி, உரக்கச் சொல்ல வேண்டும். கம்பெனிக்குச் சரி, ரிவிஷன் ஆறு. அது தவிர எதைக் காட்டினாலும் ஃபெயில். ஐந்தாவதாக ஒரு சோப்பு விளம்பரம் வரும் என்று மெர்சி சொல்லியிருந்தாள். அதைக் காட்டுவதென்று முடிவு செய்துகொண்டு போய் உட்கார்ந்தான்.

முதலாவது, பி ஷிப்ட் நகல். இரண்டாவது, ரிவிஷன் ஆறு. பெண் பஸ்ஸைத் துரத்தினாள், ஒகாமுரா சான் வைப்பரின் உடல்நிலையை அறிவித்தார். இசக்கி அசையவில்லை.

மூன்றாவதாக, கணக்குக்கு ஒரு காலாவதியான ரிவிஷனைச் சேர்த்திருந்தார்கள். டுப்-சிக், டுப்-சிக். அவன் கட்டியது. நான்கு நிமிடம் பன்னிரண்டு வினாடியும் அப்படியே. இரண்டு வாரமாக அவன் கேட்காத அந்தப் பெருமூச்சு, இருக்க வேண்டிய இடத்தில் வந்து நின்றது. சோப்பு விளம்பரம் மறந்துபோயிற்று. பாளையங்கோட்டையும் மறந்துபோயிற்று. கை தானாக எழுந்தது.

"இதுதான் சார். இதுதான் பாட்டு."

சொன்ன பிறகுதான் நினைவு வந்தது. போச்சு. பொய் சொல்ல வந்த இடத்தில் உண்மையைச் சொல்லித் தொலைத்துவிட்டான். இனி ஆறு மாதம் நாலாம் அலமாரிக்கு எதிரில்.

பகலவன் கண்ணாடியைக் கழற்றினார். "ரிஜெக்ட்," என்றார், துக்க வீட்டுக் குரலில். "காலாவதியானதைச் சரிங்கிறாரு. அதுவும் கை காட்டி, உரக்க. ஒரு நாப்பத்தஞ்சு சென்டிமீட்டர் விழுந்ததுல ஒரு கருவி இவ்வளவு கெட்டுப்போகும்னு நான் நினைக்கவே இல்ல. நாற்காலி உயரத்தைக் குறைக்கணும்."

மஞ்சள் அட்டையை அறுத்துவிட்டுச் சிவப்பைக் கட்டினார்கள். டிப்ளமோ அசல், துணைப்பொருள் என்ற தலைப்பில் அவன் இடுப்போடு சேர்த்துக் கட்டப்பட்டது.

"அனுபவச் சான்றிதழ் மேடம்?"

"அது ஊழியருக்குத் தர்றது," என்றாள் மெர்சி. "ஸ்கிராப்புக்கு இன்னான்னு எழுதுறது? உன் டிப்ளமோ வெளிய போவுதே, அதப் பாரு. ஓடு."

சனிக்கிழமை காலை முனிரத்தினத்தின் லாரி வந்தது. முனிரத்தினம் வடக்குப்பட்டுக்காரர். கேஜ் ரூம் நிற்கிற இடம் அவருடைய கடலைக்காடாக இருந்தது. நிலத்தைக் கொடுத்தவர்களுக்கு வேலை என்றார்கள். அவர் வேலை வேண்டாம், கழிவு கொடுங்கள் என்று வாங்கிக்கொண்டவர். நிலம் வாங்கியவன் கழிவு போட்டே தீருவான் என்று கணித்த ஒரே ஆள்.

செப்புக்கம்பிச் சுருள்களுக்கும் நெளிந்த தகரத்துக்கும் நடுவே இசக்கி ஏறி உட்கார்ந்தான். எடைமேடையில் லாரி நின்றது.

"தம்பி, எறங்கு," என்றார் முனிரத்தினம். "எட பாக்குறப்ப நீ எதுக்கு? உன் எடைக்கும் நானா குடுக்கணும்?"

"சீட்டுல இருக்கு," என்றார் செக்யூரிட்டி. "ஏறித்தான் ஆகணும்."

"அப்போ செருப்பையாவது கயட்டு."

ஐம்பத்தெட்டு கிலோ, இதர வகை. கேட்டில் இசக்கியின் கையில் புதுச் சீட்டு வந்தது. திரும்பி வராத பொருள் என்று அச்சடித்திருந்தது. மூன்று வருடத்தில் அந்தக் கம்பெனி அவனுக்கு எழுதிக் கொடுத்த எதையும் அவன் இவ்வளவு ஆசையாகப் படித்ததில்லை.

கழிவுக் கிடங்கில் இறங்கி, "வாரேன் அண்ணாச்சி," என்று கிளம்பினான்.

"எங்க போற?" முனிரத்தினம் சட்டையைப் பிடித்துக்கொண்டார். "ரிஜெக்ட் ஐட்டத்த நான் அயிச்சுட்டேன்னு சர்டிபிகேட் குடுக்கணும். போட்டோவோட. இல்லன்னா எனக்கு அடுத்த லோடு கெடயாது. அவுங்க ஓகே சொல்ற வரைக்கும் நீ இங்கதான்."

"அழிக்கதா? என்னையவா?"

"பதறாத. சோக்கா ஒரு போட்டோ எடுத்து அனுப்புவோம். அந்தத் தகரக் கட்டு மேல படு. கண்ண மூடு. நாக்க உள்ள வை."

படுத்தான். எடுத்தார். அனுப்பினார். நான்கு மணிக்குப் பெருங்களத்தூரில் பஸ். மணி ஒன்று.

இரண்டரைக்குப் பகலவனிடமிருந்து பதில் வந்தது: படத்தில் பொருள் போதிய அளவு உருக்குலையவில்லை. மீண்டும் அனுப்பவும்.

முனிரத்தினம் இசக்கியைப் பார்த்தார். பக்கத்தில் நின்ற தகரம் அமுக்குகிற மெஷினைப் பார்த்தார். மறுபடி இசக்கியைப் பார்த்தார். "பயப்படாத, சும்மா பாத்தேன்," என்றார். "மூஞ்சியக் கோணு."

கோணினான்.

"இது பல்லுவலி. இன்னும்."

இன்னும் கோணினான்.

"இது கல்யாணத்துல போட்டோக்கு நிக்கிற மாதிரி கீது. தம்பி, உனக்கு ரொம்பப் புடிக்காதது எதனா கீதா? நெனச்சிக்க."

இசக்கி படுத்தபடியே தன் போனை எடுத்து நீட்டினான். "அண்ணாச்சி, ரிவிஷன் ஆறுன்னு ஒண்ணு இருக்கும். போடுங்க."

போட்டார். முன்னிசை இல்லாமல் பல்லவி வந்து முகத்தில் விழுந்தது. பெண் ஓடினாள். பெருமூச்சு வர வேண்டிய இடத்தில் ஒகாமுரா சான் வந்தார். இசக்கியின் முகம் முதலில் நெற்றியில் மடிந்தது, பிறகு வாய் ஒரு பக்கம் போனது, கடைசியில் அது யாருடைய முகம் என்றே தெரியவில்லை. கண்ணோரத்தில் தண்ணீர் இறங்கியது.

"அப்டியே இரு! அசையாத!" என்று கத்தினார் முனிரத்தினம்.

பதில் இரண்டு நிமிடத்தில் வந்தது: ஏற்கப்பட்டது. கூடவே, கட்டைவிரல் உயர்த்திய படம்.

கம்பெனி முத்திரை போட்டுக் கொடுத்திருந்த படிவத்தில் முனிரத்தினம் சான்றிதழை எழுதி, கம்பெனிக்கு ஒன்று, தனக்கு ஒன்று என்று கிழித்தார். மூன்றாவது நகல் மிச்சம் இருந்தது. "இத இன்னா பண்றது? நீயே வச்சுக்க," என்று கொடுத்து, தன் பைக்கிலேயே பெருங்களத்தூரில் கொண்டுபோய் விட்டார்.

திங்கட்கிழமை ஒன்பது மணிக்கு இசக்கி பாளையங்கோட்டையில், ஒலிப்பதிவுக் கூடத்து வாசலில் நின்றான். சண்முகசுந்தரம் கையை நீட்டினார்.

"காயிதம் எங்கடே?"

இருந்தது ஒரே காயிதம்தான். கொடுத்தான். கம்பெனி முத்திரை இருந்தது, தேதி இருந்தது, அவன் பெயரும் இருந்தது. சண்முகசுந்தரம் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு வாய்விட்டுப் படித்தார்.

"மேற்படி பொருள், மூன்று வருடப் பயன்பாட்டுக்குப் பின், இனி யாருக்கும் எதற்கும் உதவாத வகையில் முழுமையாக அழிக்கப்பட்டது என்று இதன் மூலம் சான்றளிக்கப்படுகிறது."

இசக்கி தரையைப் பார்த்தான். சண்முகசுந்தரம் இன்னொரு முறை மெதுவாகப் படித்தார். நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

"மில்லுல எனக்கு இருவது வருசத்துக்கு ஒரு சான்றிதழ் குடுத்தான். அதுல இத்தன வெவரமா எழுதல," என்றார். "சரியாத்தாம்டே இருக்கு. செருப்பக் கழத்திட்டு உள்ள வா."